மருந்துக்கடை அதிமதுரம்

அன்புள்ள அண்ணாவுக்கு,

போன மாதம் 'வென் லைஃப் கிவ்ஸ் யூ டேன்ஜரீன்ஸ்' கொரியத் தொடரைப் பார்த்து முடித்தேன். கதாநாயகியின் அம்மாவாக வரும் யோம் ஹே ரான் ஆரம்பத்திலேயே இறந்துபோகிறார். ஆனால் கடைசி அத்தியாயம் வரை எனக்குள் அவர் முகம்தான் நின்றது. யார் இவர் என்று தேடினால், பல வருடம் நாடக மேடையில் இருந்தவராம், நாற்பது வயதில்தான் டிவியில் தெரிய ஆரம்பித்தாராம். படித்ததும் சந்தோஷத்தைவிட வருத்தம்தான் வந்தது. மேடையில் இரண்டு மணி நேரத்தைத் தன் கைக்குள் வைத்திருந்த ஒருவர் டிவியில் யாருக்கோ அம்மாவாக, யாருக்கோ சித்தியாக நாலு சீன் வந்துபோவது இறக்கம் இல்லையா? வயிற்றுப்பாட்டுக்காகக் கலையை விட்டுக்கொடுப்பதுதானே? கல்லூரியில் கொஞ்சம் நாடகம் போட்டவள் நான், அதனால் இப்படித் தோன்றுகிறதோ என்னவோ. இந்த மாதிரி நடிகர்களை எங்கிருந்து பார்க்க ஆரம்பிக்கலாம் என்றும் சொல்லுங்கள்.

ம., திருச்சி

*

அன்புள்ள ம.,

வயிற்றுப்பாடு என்று எழுதியிருக்கிறீர்கள், அது உண்மை. இறக்கம் என்பதை மட்டும் என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை. உங்களுக்குப் பிடித்த யோம் ஹே ரானை வைத்தே பேசுகிறேன்.

1976ல் பிறந்தவர். தென்கோரியாவின் தெற்குக் கடற்கரையில் இருக்கும் யோசு அவர் ஊர். கல்லூரியில் கொரிய இலக்கியம் படித்தார். 2000ஐ ஒட்டி சியோலில் 'யோனு முதே' என்ற நாடகக் குழுவில் சேர்ந்தார். கொரியாவிலேயே எழுதப்பட்ட புது நாடகங்களுக்குப் பேர்போன குழு அது. இயக்குநர் போங் ஜூன் ஹோவின் 'மெமரீஸ் ஆஃப் மர்டர்' படம் பார்த்திருப்பீர்கள். 1996ல் இந்தக் குழு மேடையேற்றிய நாடகத்திலிருந்து எடுத்த கதைதான் அது. 2003ல் வந்த அந்தப் படத்தில் யோமுக்கு ஒரு சின்ன வேஷம் கிடைத்தது. அதனால் ஒன்றும் மாறிவிடவில்லை. அடுத்த பத்துப் பன்னிரண்டு வருடங்கள் பெரும்பாலும் மேடைதான்.

பிறகு நடந்தது எனக்கு மிகவும் பிடித்த கதை. மார்ஷா நார்மன் எழுதிய ''நைட், மதர்' என்ற அமெரிக்க நாடகத்தில் அம்மா, மகள் என இரண்டே பேர். இன்றிரவு உயிரை விடப்போகிறேன் என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு, வீட்டுச் சாமான்களை ஒவ்வொன்றாக ஒழுங்குபடுத்தி வைக்கிறாள் மகள். சியோல் மேடையில் அம்மாவாக நடித்தவர் மூத்த நடிகை நா மூன் ஹீ, மகள் யோம். தொடர் எழுத்தாளர் நோ ஹீ கியுங் அந்த நாடகத்தைப் பார்த்தார். 2016ல் 'டியர் மை ஃப்ரெண்ட்ஸ்' வந்தபோது அதே இரண்டு பேரும் அதிலும் அம்மாவும் மகளும்தான். அந்த மகள் பேராசிரியர் புருஷனிடம் அடிவாங்கிக்கொண்டு, அப்பா அம்மாவிடம் சொல்லாமல் மறைத்துவைத்து வாழ்பவள்.

ஆறு வருடம் கழித்து 'தி குளோரி' வந்தது. அதிலும் யோமுக்குப் புருஷனிடம் அடிவாங்கும் மனைவி வேஷம். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். முதல் பெண் தோளைக் குறுக்கிக்கொண்டு இருப்பாள், கேட்டால் ஒன்றுமில்லை என்பாள். இரண்டாமவள் கதாநாயகியைத் தேடி வந்து, என் புருஷனைக் கொன்று கொடு, உனக்கு வேண்டிய வேலையெல்லாம் நான் செய்கிறேன் என்று பேரம் பேசுபவள். கார் ஓட்டப் பழகுகிறாள், ஒளிந்து நின்று போட்டோ எடுக்கிறாள், நடுவில் வாய்விட்டுச் சிரிக்கிறாள். அடிபட்ட பெண் என்றால் எந்நேரமும் அழுதுகொண்டுதான் இருக்கவேண்டும் என்று நாம் வைத்திருக்கும் கணக்கை அந்தச் சிரிப்பு உடைத்துவிடுகிறது. முகத்தில் காயம் இருக்கும்போதே அந்தச் சிரிப்பு வருகிறது. அதைப் பார்த்த இரவு நான் சரியாகத் தூங்கவில்லை.

'கோப்ளின்' தொடரில் அனாதைப் பெண்ணின் இன்சூரன்ஸ் பணத்துக்காக அவளை வதைக்கும் சித்தியும் இவர்தான். 'மாஸ்க் கேர்ள்' தொடரில் மகனுக்காகப் பழிவாங்க அலையும் அம்மாவும் இவரே. 'டேன்ஜரீன்ஸ்' வந்தபோது வயது 48. அதில் அவர் நடித்தது 29 வயதில் சாகும் ஒரு ஹென்யோவாக, அதாவது ஜேஜு தீவில் மூச்சடக்கிக் கடலுக்குள் இறங்கும் பெண்ணாக. அபலோன் என்ற கடல்நத்தையை விற்றால் அம்மாவுக்குக் கிடைக்கும் 100 ஹ்வானை (அன்றைய கொரியப் பணம்) தானே கொடுத்து, அம்மாவின் ஒரு நாளை வாங்கிக்கொள்ள மாட்டேனா என்று மகள் கவிதை எழுதியிருப்பாள். அந்தக் கவிதையைப் படிக்கும் அம்மாவைப் பார்த்தீர்கள் அல்லவா? அந்த இடத்தில் யோம் வசனத்தால் எதையும் செய்யவில்லை. மூச்சால் செய்கிறார். கடலில் மூச்சை அடக்கி வாழ்பவள் கரையில் ஒரு காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு மூச்சுக்குத் திணறுகிறாள். நாலு சீன் என்றீர்கள். அந்த நாலு சீனில் ஒரு ஆயுசு இருக்கிறது.

இதை எங்கே கற்றுக்கொள்கிறார்கள்? சியோலில் தேஹாங்னோ என்று ஒரு பகுதி. 1975ல் சியோல் தேசியப் பல்கலைக்கழகம் அங்கிருந்து வேறு இடத்துக்குப் போய்விட்டது. பிறகு அந்தத் தெருக்களில் நூற்றுக்கும் மேற்பட்ட சின்னச் சின்ன நாடக அரங்குகள் முளைத்தன. பல அரங்குகள் நிலவறைகள். ஒருமுறை சியோல் போனபோது ஹேஹ்வா ஸ்டேஷனில் இறங்கி அப்படி ஓர் அரங்குக்குப் போனேன். செங்குத்தான படி, கீழே நூறு பேர் உட்காரும் இடம். என் முழங்காலுக்கும் மேடைக்கும் நடுவே ஒரு கை அகலம்தான். மொழி ஒரு வார்த்தை புரியவில்லை. ஆனால் ஒரே நடிகர் போலீஸ்காரராக, பாட்டியாக, டெலிவரி பையனாக, இன்னும் யார் யாராகவோ வந்துகொண்டே இருந்தார். அங்கே இதற்கு 'மல்டிமேன்' என்று பெயர். ஆள் போட காசு இல்லாததால் வந்த பழக்கம். தொப்பியை மாற்றும் அந்த அரை நிமிடத்தில் உடம்பே மாறிவிட வேண்டும். நாலு சீனில் ஓர் ஆளை முழுசாகக் கொண்டுவருகிற வித்தை இப்படித்தான் படிகிறது என்று நினைக்கிறேன்.

இன்னொன்று, மேடையில் உங்களுக்கு வசனம் இல்லாத நேரத்திலும் நீங்கள் மேடையில்தான் இருக்கிறீர்கள். நாடகம் போட்டவர் நீங்கள், உங்களுக்குத் தெரியாததா. காதுகொடுத்துக் கேட்பதும் நடிப்புதான். துணைப் பாத்திரத்துக்கு வேலையே பாதி அதுதான்.

லீ ஜங் உன்னைப் பாருங்கள். 'பாரசைட்' படத்தில் மழை இரவில் காலிங்பெல் அடிக்கும் வேலைக்கார அம்மா. அவர் 1991ல் மேடையேறியவர். டிவியில் முகம் தெரிய நாற்பதைத் தாண்டவேண்டி வந்தது. 2019ல் 'தி லைட் இன் யுவர் ஐஸ்' தொடரில் முடிதிருத்தும் கடை வைத்திருக்கும் அம்மாவாக வருகிறார். (இனி சொல்வது கதையின் முடிச்சு. பார்க்காதவர்கள் அடுத்த பத்திக்குப் போய்விடுங்கள்.) 25 வயதுப் பெண் திடீரென்று கிழவியாகிவிட்டாள் என்று நாம் நம்பிக்கொண்டிருப்போம். உண்மையில் அவர் நினைவு தப்பிய ஒரு பாட்டி. அவர் அம்மா என்று நினைத்துக்கொண்டிருந்தவர் அவருடைய மருமகள். அப்படியென்றால் லீ ஜங் உன் ஒவ்வொரு சீனிலும் இரண்டு பேராக நடித்திருக்க வேண்டும். முதல் தடவை பார்க்கும்போது அது மகளைப் பார்க்கும் தாயின் பார்வை. இரண்டாம் தடவை பார்த்தால் அதே பார்வையில் மாமியாரைப் பார்த்துக்கொள்ளும் மருமகளின் களைப்பு தெரிகிறது. இதற்காக அந்த வருடம் கொரியாவின் பெரிய டிவி, சினிமா விருதான பெக்சாங் அவருக்குக் கிடைத்தது. சிறந்த துணை நடிகை.

சரி, ஏன் இவ்வளவு தாமதம்? கேபிஎஸ், எம்பிசி, எஸ்பிஎஸ் என்ற மூன்று பெரிய நிறுவனங்களும் ரொம்ப காலம் பரீட்சை வைத்துத் தங்களுக்கென்று நடிகர்களை எடுத்துக்கொண்டிருந்தன. அவர்களை 'டேலண்ட்' என்றே கூப்பிடுவார்கள். அந்த முறை 2000க்குப் பிறகு தேய்ந்துபோனது. டிவிஎன், ஜேடிபிசி போன்ற கேபிள் சேனல்கள் வளர்ந்தன. ஆபீஸ், ஜெயில், ஒரு முட்டுச்சந்து என்று கூட்டமாக ஆட்கள் வேண்டிய கதைகள் வந்தன. புது முகமாகவும் இருக்கவேண்டும், நடிக்கவும் தெரிந்திருக்க வேண்டும் என்றால் தேஹாங்னோவை விட்டால் வேறு எங்கே போவது? 2017ல் வந்த 'பிரிசன் பிளேபுக்' கதாநாயகன் பார்க் ஹே சூ முதற்கொண்டு மேடைக்காரர்களால் நிறைந்த தொடர்.

வந்தவர்களுக்கு முதலில் கிடைத்தது அதிர்ச்சி. இரண்டு மாதம் ஒத்திகை பார்த்துப் பழகியவர்களின் கையில் அன்றைய படப்பிடிப்புக்கு அன்றைக்கே எழுதிய துண்டுத் தாள். ஜோக்தேபோன் என்பார்கள், துண்டு ஸ்கிரிப்ட் என்று வைத்துக்கொள்ளலாம். அப்புறம் நெட்ஃபிளிக்ஸ் வந்தது, முழுத் தொடரையும் எடுத்து முடித்துவிட்டு வெளியிடும் வழக்கம் பரவியது. வாரத்துக்கு 52 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக்கூடாது என்ற சட்டம் 2018ல் நடைமுறைக்கு வரத் தொடங்கியது. கொஞ்சம் மூச்சுவிட முடிந்தது.

துணை நடிகருக்குக் கொரிய மொழியில் ஒரு செல்லப்பெயர் உண்டு. 'கம்சோ'. நம் அதிமதுரம்தான். அங்கே பெரும்பாலான நாட்டு மருந்துப் பொட்டலங்களில் ஒரு துண்டு அதிமதுரம் இருக்கும், மற்ற சரக்குகளை ஒன்றோடொன்று ஒத்துப்போக வைப்பதற்காக. மருந்துக்கடை அதிமதுரம் மாதிரி என்று பழமொழியே இருக்கிறது. எங்கே பார்த்தாலும் இருக்கிற ஆள் என்ற அர்த்தத்தில் சொல்வது. நம் பாட்டிமார்கள் இருமலுக்கு வாயில் அடக்கிக்கொள்ளத் தந்த அதே வேரை நடிகருக்குப் பெயராக வைத்திருக்கிறார்கள் என்று தெரிந்த நாளிலிருந்து எனக்கு அந்த மொழிமேல் தனிப் பிரியம்.

இப்போது வயிற்றுப்பாட்டுக்கு வருகிறேன். இங்கே நான் முழுக்க உங்கள் பக்கம். 2011 ஜனவரியில் சோய் கோ உன் என்ற இளம் திரைக்கதை எழுத்தாளர் வறுமையிலும் நோயிலும் இறந்துபோனார். நாடே வெட்கப்பட்டது. அந்த வருடமே கலைஞர் நலச் சட்டம் வந்தது. 2020 டிசம்பரிலிருந்து கலைஞர்களுக்கும் வேலையில்லாக் காலத்துக்கான காப்பீடு இருக்கிறது. ஆனாலும் மேடை நடிகர்கள் பகலில் கடையிலும் ஹோட்டலிலும் வேலை பார்த்துவிட்டு மாலையில் வேஷம் கட்டுவது நின்றுவிடவில்லை.

தேஹாங்னோவில் 'ஹக்சோன்' என்று ஓர் அரங்கு இருந்தது. பாடகர் கிம் மின் கி 1991ல் தொடங்கியது. இருநூறு பேர்கூட உட்கார முடியாது. 1994ல் அங்கே தொடங்கிய 'லைன் 1' இசை நாடகம் 4,000 தடவைக்கு மேல் நடந்தது. சோல் கியுங் கு, ஹ்வாங் ஜங் மின், கிம் யுன் சோக், சோ சுங் வூ என்று பிறகு சினிமாவில் பேர்வாங்கிய நடிகர்கள் எல்லாரும் அங்கே தேறியவர்கள். சோல் அங்கே முதலில் செய்தது போஸ்டர் ஒட்டும் வேலை. எழுத்தில் ஒப்பந்தம் என்பதே இல்லாத நாடக உலகத்தில் நடிகர்களோடு ஒப்பந்தம் போட்டு, வசூலைப் பங்கு பிரித்துக் கொடுத்தவர் கிம். நடிகர்களை 'முன்னாடி ஆட்கள்' என்பார், தன்னைப் 'பின்னாடி ஆள்' என்பார். பணக் கஷ்டத்தாலும் அவருடைய நோயாலும் 2024 மார்ச் 15ல், 33 வருடம் முடிந்த அதே நாளில், ஹக்சோன் மூடப்பட்டது. ஜூலையில் கிம் இறந்துபோனார்.

உலகமே பார்க்கும் தொடர்கள் அறுவடை செய்கின்றன. விதைத்த நிலத்துக்குத் தண்ணீர் பாய்ச்ச ஆள் இல்லை. உங்கள் வருத்தத்தை யோமின் மீது வைக்காதீர்கள் என்று நான் கேட்பது இதனால்தான். வருத்தப்பட வேண்டிய இடம் அந்த நிலவறைப் படிக்கட்டு.

இன்னொரு கோபமும் எனக்கு உண்டு. நாற்பதைத் தாண்டிய நடிகைக்கு டிவி கொடுப்பது பெரும்பாலும் யாராவது ஒருவரின் அம்மா வேஷம். ஆண்களுக்கு இன்ஸ்பெக்டர், வக்கீல், தாதா என்று ஆயிரம். 2022ல் 'அவர் ப்ளூஸ்' தொடரில் லீ ஜங் உன் ஜேஜு சந்தையில் மீன் வெட்டும் உன் ஹீயாக வந்தார். யாருக்கும் அம்மா இல்லை, சொந்தக் காசு, சொந்தக் காதல், சொந்த ஏமாற்றம். அதை நோ ஹீ கியுங்தான் எழுதினார். ஒருவர் எழுதினால் போதாது.

2017 பெக்சாங் விருது விழாவின் வீடியோ கிடைத்தால் பாருங்கள். 33 சிறு வேஷ நடிகர்கள் மேடையேறிச் சேர்ந்து பாடுகிறார்கள். கனவு காண்கிறேன் என்று ஒரு பாட்டு. எல்லாம் எங்கேயோ பார்த்த முகம், பெயர்தான் தெரியாது. கீழே உட்கார்ந்திருந்த நட்சத்திரங்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். அதே விருது மேடையில் 2021லும் 2025லும் யோம் ஹே ரான் சிறந்த துணை நடிகையாக நின்றார். இரண்டாவது, நீங்கள் பார்த்த அந்த அம்மாவுக்காக.

எங்கிருந்து ஆரம்பிப்பது என்று கேட்டிருந்தீர்கள். முதலில் 'டியர் மை ஃப்ரெண்ட்ஸ்', அப்புறம் 'தி குளோரி'. நடுவில் வேறு எதையும் பார்க்காதீர்கள். நா மூன் ஹீயும் யோமும் சேர்ந்து வரும் சீன்களை இரண்டு தடவை பாருங்கள். இரண்டாம் தடவை அம்மா பேசும்போது மகளையே பார்த்துக்கொண்டிருங்கள். பார்த்துவிட்டு எழுதுங்கள்.

அப்புறம், கல்லூரியில் போட்ட நாடகத்தைப் பற்றி ஒரே வரியில் சொல்லி முடித்துவிட்டீர்கள். என்ன நாடகம், என்ன வேஷம்? அதையும் அடுத்த கடிதத்தில் எழுத வேண்டும்.

அன்புடன்,
அண்ணா