தணிக்கைச் சான்று இருந்தும் 'விஸ்வரூபம்' தமிழ்நாட்டில் எப்படித் தடுக்கப்பட்டது?

படத்தைத் தடை செய்யத் தனிச் சட்டம் எதையும் தேடிப் போகவில்லை. அன்றைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 144-வது பிரிவே போதுமானதாக இருந்தது; அமைதி குலையும் என்று கருதினால் உடனடியாகத் தடை போட மாவட்ட நிர்வாகத்துக்கு அதிகாரம் தரும் பிரிவு அது. 2013 ஜனவரி 25 வெளியீட்டு நாள். படம் முஸ்லிம்களைத் தவறாகச் சித்தரிப்பதாகச் சில அமைப்புகள் எதிர்த்தன. உடனே மாவட்ட ஆட்சியர்கள் இரண்டு வாரத்துக்குத் தடை போட்டார்கள். அரசு சொன்ன காரணம் சட்டம் ஒழுங்கு. உயர் நீதிமன்ற நீதிபதி படத்தைப் பார்த்துவிட்டுத் தடையை நீக்கினார். மறுநாளே இரு நீதிபதிகள் அமர்வு அதை நிறுத்தி வைத்தது. அப்புறம் எதிர்த்த அமைப்புகளோடு பேச்சுவார்த்தை, சில காட்சிகளில் வெட்டு, சில இடங்களில் வசனம் மௌனம். பிப்ரவரி 7-ல் படம் வந்தது.

இத்தனைக்கும், 'ஒரே ஒரு கிராமத்திலே' என்ற படம் பற்றிய வழக்கில் 1989-லேயே உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: போராட்ட மிரட்டலைக் காட்டிக் கருத்துரிமையை முடக்கக்கூடாது.

எதிர்ப்பில் நியாயமே இல்லையா? ஆப்கானிஸ்தான் காட்சிகளில் தொழுகையும் கொலையும் அடுத்தடுத்து வருவது உறுத்தலாம், சரி. ஆனால் கட்டிப்போடப்பட்ட கதக் நடன ஆசிரியர் கையை அவிழ்க்கச் சொல்லித் தொழுதுவிட்டு, கண்மூடித் திறப்பதற்குள் எல்லாரையும் வீழ்த்துவாரே, அந்த நாயகனும் முஸ்லிம்தான். அந்தச் சண்டையில் இதையும் கணக்கில் எடுத்திருக்க வேண்டும்.