சிமிழுக்குள் போன சத்தம் யாருடையது?

கேள்வி: மிகுபுனைவு நாவல் ஒன்று எழுதி வருகிறேன். அதில் ‘ஒலிச்சிமிழ்’ என்று ஒரு கருவி வருகிறது. மூடியை இடப்பக்கம் திருகினால் சுற்றி இருபது அடிக்கு எல்லாச் சத்தமும் அதற்குள் போய்விடும். வலப்பக்கம் திருகினால் அடைபட்ட சத்தம் வெளியே வரும். அதை வைத்து என் நாயகி காவலைக் கடக்கிறாள், சிறையிலிருந்து தம்பியை மீட்கிறாள், கடைசியில் கோட்டைச் சுவரையே உடைக்கிறாள். படித்த தோழிகளோ, “சிமிழ் கையில் இருக்கும்போது இவளுக்கு என்ன கவலை?” என்கிறார்கள். சிமிழின் சக்தியைக் குறைத்துவிடட்டுமா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: குறைக்க வேண்டாம். நீங்கள் அனுப்பிய மூன்று அத்தியாயங்களையும் இரண்டு முறை படித்தேன். சிமிழ் அருமையான கற்பனை, அது பலமாகவே இருக்கட்டும். ஆனால் அதைத் திருகுகிறவளுக்கு எந்த நஷ்டமும் இல்லை. உங்கள் தோழிகளுக்குப் பயம் வராததற்கு அதுவே காரணம்.

காவலைக் கடக்கும் காட்சியையே எடுத்துக்கொள்வோம். காவலாளிக்கு அவள் காலடி கேட்கவில்லை. சரி. அவளுக்கு மட்டும் அவன் காலடி எப்படிக் கேட்கிறது? அவளும் அந்த இருபது அடிக்குள்தானே நிற்கிறாள்! பின்னால் இன்னொருவன் வந்தால் தெரியாது. தம்பி “குனி!” என்று கத்தினாலும் தெரியாது. நிமிடத்துக்கு நாலு தடவை அவள் திரும்பிப் பார்த்தாக வேண்டும். வாசகரின் நெஞ்சு படபடக்கப் போவது அவள் அப்படித் திரும்பும்போதுதான்.

இன்னொன்று, அவளுக்கு முழு அமைதியும் கிடைக்காது. எதிரொலியே எழாதபடி கட்டிய அறை ஒன்றுக்குள் அமெரிக்க இசைக்கலைஞர் ஜான் கேஜ் 1951 வாக்கில் போனார், ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில். அங்கேயும் அவருக்கு இரண்டு சத்தங்கள் கேட்டன, ஒன்று மெல்லியது, ஒன்று கனமானது. கனமானது அவருடைய ரத்த ஓட்டம் என்று அங்கிருந்த பொறியாளர் சொன்னதாக அவரே எழுதியிருக்கிறார். நம் குரலும் காற்று வழியாக மட்டும் நம்மை எட்டுவதில்லை, மண்டையோட்டு எலும்பு வழியாகவும் வருகிறது. ஆக, சிமிழ் காற்றில் இருக்கும் சத்தத்தை மட்டும் இழுக்கிறது என்று வைத்துக்கொண்டால், அவள் எச்சில் விழுங்குவது அவளுக்குக் கேட்கும். அவள் பேசுவதும் மங்கலாகக் கேட்கும். பேசிவிட்டோம் என்று நம்புவாள். பக்கத்தில் நிற்கும் தம்பியின் காதில் ஒரு சொல்லும் விழுந்திருக்காது. இந்த ஒரு விஷயத்தை வைத்தே ஒரு முழுக் காட்சி எழுதலாம்.

இருபது அடிக்கு வெளியே நிற்பவனையும் மறந்துவிடாதீர்கள். ஃபிரிட்ஜ் சட்டென்று நின்ற பிறகுதான் அது இவ்வளவு நேரம் இரைந்துகொண்டிருந்ததே நமக்கு உறைக்கிறது. ராத்திரி முழுக்கச் சில்வண்டுச் சத்தத்திலேயே உட்கார்ந்திருக்கும் காவலாளி, ஒரு பக்கம் மட்டும் அது அறுந்துபோனால் எழுந்து வரமாட்டானா?

எல்லாச் சத்தமும் ஒரே மாதிரி அடங்கவும் வேண்டாம். ஓர் அலையின் மேட்டை இன்னோர் அலையின் பள்ளத்தால் சமன்செய்து, சத்தத்தைச் சத்தத்தாலேயே அணைக்கும் வழிக்கு ஜெர்மானியரான பவுல் லூக் 1936-ல் அமெரிக்கக் காப்புரிமை பெற்றார். இன்றைக்கு ஹெட்போன்களில் இருப்பது அந்த யோசனைதான். விமானத்தின் தொடர்ச்சியான உறுமலை அது நன்றாக அடக்கும். கீச்சென்ற சத்தத்திடம் திணறும். காரணம் அலையின் நீளம். நொடிக்கு 100 முறை அதிரும் ஒலியின் அலை சுமார் 3.4 மீட்டர் நீளம், 1,000 முறை அதிர்ந்தால் வெறும் 34 சென்டிமீட்டர். அலை குறுகக் குறுக, மேட்டைப் பள்ளத்தோடு பொருத்துவது கடினமாகிறது. உங்கள் சிமிழும் காலடியை விழுங்கிவிட்டுச் சாவிக்கொத்தின் கிணுகிணுப்பில் கொஞ்சம் மிச்சம் வைக்கட்டுமே.

அப்புறம் அந்தக் கோட்டைச் சுவர். எனக்கு அது ஒட்டவில்லை. ஒலியில் இருக்கும் ஆற்றல் மிகவும் சொற்பம். ஒருவர் சாதாரணக் குரலில் ஐம்பது ஆண்டு இடைவிடாமல் பேசினாலும், அந்த ஆற்றல் ஒரு கோப்பைத் தண்ணீரைக் கொதிக்க வைக்கப் போதாது. மாயக்கதைதானே என்று நீங்கள் இதைத் தள்ளலாம், அதற்கு உங்களுக்கு உரிமை உண்டு. ஆனால் சிமிழைத் திறக்கும் அந்த இடத்தை வெறும் வெடிச்சத்தமாக வீணாக்கிவிட்டீர்களே என்று எனக்கு வருத்தமாக இருக்கிறது.

உள்ளே போன சத்தம் ஒவ்வொன்றும் யாரோ ஒருவருடையது. மூன்றாம் அத்தியாயத்தில், தம்பியைக் கூட்டிக்கொண்டு அவள் சிறைத் தாழ்வாரத்தில் ஓடுகிறாள். பக்கத்து அறைகளில் ஆட்கள் இருக்கிறார்கள் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அவர்களில் ஒருவர் கம்பியைப் பிடித்துக்கொண்டு அவளைக் கூப்பிட்டிருப்பார். அவள் திரும்பவில்லை, கேட்கவில்லை. அந்தக் குரல் சிமிழுக்குள் போய்விட்டது. அதை இடுப்பில் கட்டிக்கொண்டுதான் அவள் மீதிக் கதை முழுக்க நடக்கிறாள். கடைசியில், பதுங்கியிருக்கும் எதிரிகளைத் திசைதிருப்ப மூடியை வலப்பக்கம் திருகுகிறாள். முதலில் வருவது அந்தக் குரல். தம்பியும் பக்கத்தில் நின்று கேட்கிறான்.

மற்ற அத்தியாயங்களை இப்போதைக்குத் தொடாதீர்கள். மூன்றாவதை மட்டும், அவளுக்கு எது கேட்கிறது, எது கேட்கவில்லை என்று வரிக்கு வரி பார்த்துத் திருப்பி எழுதுங்கள். கம்பிக்குப் பின்னால் நிற்பவருக்கு ஒரு பெயர் வையுங்கள். எழுதி முடித்ததும் எனக்கு அனுப்புங்கள், காத்திருக்கிறேன்.