பழைய வெப்பநிலைப் பதிவுகளைத் திருத்தலாமா?

வணக்கம்.

2024 மே 29 அன்று தில்லி முங்கேஷ்பூரில் 52.9 டிகிரி பதிவானதாகச் செய்தி வந்தது. பிறகு கருவி 3 டிகிரி கூடுதலாகக் காட்டியது என்று வானிலைத் துறையே விளக்கியது. அதுவாவது உடனே நடந்த திருத்தம். நூறாண்டுக்கு முன் ஒருவர் ஏட்டில் எழுதிவைத்த எண்ணை இன்று மாற்றுவது எப்படி நியாயம்? புவி வெப்பமாதலை மிகைப்படுத்தவே இதைச் செய்கிறார்கள் என்கிறார் எங்கள் குடியிருப்பில் ஒரு பெரியவர்.

வாசகர், மயூர் விகார், தில்லி

அன்புள்ள நண்பருக்கு,

முங்கேஷ்பூரை நீங்களே எடுத்துக்காட்டியது நல்லது. அன்று நகரின் மற்ற நிலையங்களில் பதிவான உச்சம் 45.2 முதல் 49.1 டிகிரி வரைதான்; ஐயம் எழுந்ததே அந்தப் பொருந்தாமையால்தான். பழைய பதிவுகளிலும் ஆய்வாளர்கள் இதே வழியில்தான் செல்கிறார்கள். ஒரு நிலையத்தின் அளவுகளை அண்டை நிலையங்கள் பலவற்றோடு ஒப்பிடுகையில், அது மட்டும் ஓர் ஆண்டில் திடீரென்று ஏறியோ இறங்கியோ பின்னர் அதே வேறுபாட்டுடன் தொடர்ந்தால், மாறியது வானிலை அல்ல, கருவியோ இடமோ அளக்கும் வேளையோதான் என்று கொண்டு, அந்த வேறுபாட்டைக் கழிக்கிறார்கள்.

வேளை எப்படிக் குழப்பும் என்பதை மே மாதத்துத் தில்லியின் மாலை ஐந்து மணியை அறிந்தவருக்கு விளக்குவது எளிது. அமெரிக்காவில் தன்னார்வலர்கள் பலர், ஒரு நாளின் உச்சத்தைக் குறித்து நிற்கும் வெப்பமானியை மாலையில் பார்த்துவிட்டு, மறுநாளுக்காகத் திரும்ப அமைத்துவைப்பார்கள். அந்நேரத்திலும் வெயில் தணியாதிருந்து, மறுநாள் குளிர்ந்துவிட்டால், முந்தைய மாலையின் சூடே மறுநாளின் உச்சமாகவும் பதிவாகும்; ஒரு வெப்பநாள் இருமுறை கணக்கில் ஏறும். இருபதாம் நூற்றாண்டில் இவர்கள் படிப்படியாகக் காலை வேளைக்கு மாறியபோது, நாடே சற்றுக் குளிர்ந்ததுபோல் ஒரு பொய்த் தோற்றம் உண்டாயிற்று. அதைச் சரிசெய்தால் அமெரிக்க நிலப்பரப்பில் வெப்பமாதல் கூடுதலாகத் தெரியும் என்பது உண்மை. பெரியவர் சொல்வது அந்த அளவில் தவறல்ல.

ஆனால் உலகின் பெரும்பகுதி கடல். பழைய கப்பல்களில் வாளியால் நீரை முகந்து, மேல்தளத்தில் வைத்து அளந்தார்கள்; துணி வாளியாக இருந்தால், அளப்பதற்குள் நீர் ஆவியாகிச் சூடு குறைந்துவிடும். பின்னாளில் இயந்திரத்தைக் குளிர்விக்க உள்ளிழுக்கும் நீரை அளந்தபோது எண்கள் சற்றுக் கூடின. எனவே பழைய கடல் அளவுகளை உயர்த்த வேண்டியதாயிற்று. தொடக்கப்புள்ளி உயர்ந்தால் மொத்த ஏற்றம் குறையும் அல்லவா? நிலம், கடல் இரண்டையும் சேர்த்துப் பார்த்தால், திருத்தங்களின் நிகர விளைவு நூற்றாண்டு வெப்பமாதலைக் குறைப்பதே. மிகைப்படுத்த விரும்புகிறவர் எவரும் இப்படியொரு வழியைத் தேர்ந்திருக்க மாட்டார்.

மூல ஏடுகளை யாரும் அழிப்பதில்லை. திருத்தாத எண்களும் திருத்திய எண்களும் பொதுவில் கிடைக்கின்றன. இந்தக் கணக்குகளை ஐயுற்ற இயற்பியலாளர் ரிச்சர்ட் முல்லர், பெர்க்லி எர்த் என்ற தனிக்குழுவை அமைத்து, வேறு முறையில் முதலிலிருந்து கணக்கிட்டு, ஏறத்தாழ அதே முடிவுக்கு வந்தார். பெரியவருக்கு இதுவும் போதாதென்றால், அமெரிக்காவில் இந்த நூற்றாண்டில் ஊர்களுக்கு வெளியே, நிலையம் ஒன்றுக்கு மூன்று வெப்பமானிகளுடன் நிறுவப்பட்ட நூற்றுக்கும் மேற்பட்ட நிலையங்களைக் காட்டுங்கள். அவற்றின் எண்களுக்கு இத்தகைய திருத்தம் தேவைப்படுவதில்லை. அவை காட்டும் போக்கும் பழைய நிலையங்களின் திருத்திய போக்கும் நெருக்கமாக ஒத்துப்போகின்றன.