ஹ்ருஷின்ஸ்கி விலைபோனாரா?

அன்புள்ள ஐயா,

தங்கள் பரிந்துரையின்பேரில் 'பிணம் எரிப்பவர்' என்ற செக் படத்தைப் பார்த்தேன். நாயகனாக நடித்த ருடால்ஃப் ஹ்ருஷின்ஸ்கியைப் பற்றித் தேடிப் படித்தபோது ஒரு நெருடல் ஏற்பட்டது. 1968இல் சீர்திருத்தத்தை ஆதரித்துக் கையெழுத்திட்டதற்காகத் திரையிலிருந்து விலக்கப்பட்டவர், பின்னர் அதே அரசின் படங்களில் நடித்துச் சிரிக்கவைக்கிறார். இதைச் சமரசம் என்று கொள்ளலாமா?

அன்புடன்,
ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

'அதே அரசின் படங்கள்' என்கிறீர்கள். செக்கோஸ்லோவாக்கியாவில் 1945 ஆகஸ்டிலேயே திரைத்துறை நாட்டுடைமையாகிவிட்டது. ஒரு தயாரிப்பாளரைப் பகைத்துக்கொண்டால் இன்னொருவரிடம் போகலாம் என்ற வழியே அங்கு இல்லை. ஹ்ருஷின்ஸ்கியின் துணிச்சலான படங்களும் அசட்டுப் படங்களும் ஒரே முதலாளியின் பணத்தில் எடுக்கப்பட்டவைதான்.

1968 ஜூனில் எழுத்தாளர் லுட்விக் வத்சுலிக் எழுதிய, சீர்திருத்தத்தை முன்னெடுக்கக் கோரிய 'இரண்டாயிரம் சொற்கள்' அறிக்கையில் அவர் கையெழுத்திட்டார்; ஆகஸ்டில் அந்தச் சீர்திருத்தத்தை நசுக்க, சோவியத் தலைமையிலான வார்சா ஒப்பந்தப் படைகள் நுழைந்தன. ஆனால் கதவுகள் மறுநாளே மூடிவிடவில்லை. அந்தச் சிறிய இடைவெளியில்தான் நீங்கள் பார்த்த யூராய் ஹெர்ஸின் படம் முடிந்து 1969இல் வெளிவந்தது. யிர்ஷி மென்ஸெல் 'நூலில் கட்டிய வானம்பாடிகள்' படத்தை எடுத்ததும் அப்போதுதான். முதல் படம் சில ஆண்டுகளில் முடக்கப்பட்டது. இரண்டாவது 1990 வரை பெட்டிக்குள்ளேயே கிடந்து, வெளிவந்த ஆண்டிலேயே பெர்லின் விழாவில் தங்கக் கரடி விருதைப் பகிர்ந்துகொண்டது.

இவ்விரு வேடங்களையும் அருகருகே வைத்துப் பாருங்கள். 'பிணம் எரிப்பவர்' படத்தின் நாயகன் கோப்ஃப்ர்கிங்கல் 1930களின் இறுதியில் பிராகின் தகனக்கூடத்தில் வேலை பார்ப்பவன். பிணத்தின் தலையைச் சீவிய சீப்பாலேயே தன் தலையையும் சீவிக்கொள்பவன். நாஜிகளின் பேச்சில் மயங்கி, அன்பொழுகும் குரல் சற்றும் மாறாமல், சொந்தக் குடும்பத்தையே கொல்லத் துணிபவன். மென்ஸெலின் படத்திலோ அவர், பழைய இரும்புக் கிடங்கில் 'திருத்தப்பட' அனுப்பப்பட்டவர்களை மேற்பார்க்கும் கம்யூனிஸ்ட் அலுவலர். ஒருவன் நாஜிகளுக்கு ஊழியன், மற்றவன் கட்சிக்கு ஊழியன். இருவருமே தங்களை நல்லவர்கள் என்று உளமார நம்புகிறார்கள். மனிதன் அதிகாரத்துக்கு எப்படி வளைகிறான் என்பதை, நாம் கேள்வி கேட்கும் முன்பே, தன் உடலாலும் குரலாலும் ஆராய்ந்து முடித்தவர் அவர். என் கணக்கில் அந்தக் கையெழுத்தைவிட இந்த வேடங்களே துணிவானவை.

1970களில் திரையும் தொலைக்காட்சியும் பல ஆண்டுகள் அவருக்கு மூடப்பட்டன. தேசிய நாடக அரங்கில் 1960 முதல் இருந்த இடம் மட்டும் நிலைத்தது. மாலையில் சில நூறு பேர் அந்த முகத்தைக் காணலாம், கேமரா மட்டும் காணக் கூடாது என்பது வினோதமான தண்டனைதான். பத்தாண்டின் பிற்பகுதியில், ஓல்ட்ரிச் லிப்ஸ்கியின் நகைச்சுவைப் படமொன்றில் போலீஸ் அதிகாரி லெட்வினாவாக மீண்டும் தோன்றினார்.

வேறு வழி இல்லாமலில்லை. யான் த்ரிஷ்கா 1977இல் நாட்டைவிட்டுச் சென்றார். திறமைமிக்க அந்த நடிகருக்கு அமெரிக்கா பெரும்பாலும் துணைவேடங்களையே தந்தது. ஹ்ருஷின்ஸ்கிக்கு அப்போது 56 வயது. செக் மொழியை முணுமுணுப்பாகவே பேசி அரங்கை ஆளும் நடிகர் அந்த மொழியைவிட்டு எங்கே போவார்?

1985இல் மென்ஸெலின் கிராமத்துப் படத்தில் அவர் ஏற்ற மருத்துவர், காரோட்டிக்கொண்டே இயற்கையின் அழகில் உருகிப் பள்ளத்தில் இறங்குவார். அந்த முகத்தில் எனக்குத் தெரிவது களைப்பு. நீங்கள் சொல்லும் சமரசத்தை நான் காணவில்லை. கம்யூனிஸ்ட் ஆட்சி வீழ்ந்தபின் 1990இல் நடந்த முதல் சுதந்திரத் தேர்தலில், அந்த ஆட்சியை எதிர்த்து எழுந்த குடிமக்கள் மன்றம் என்ற அமைப்பின் சார்பில் கூட்டாட்சி நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1994 ஏப்ரலில் மறைந்தார்.

'வானம்பாடிகள்' கிடைத்தால் பாருங்கள். அந்த அலுவலர் புன்னகைக்கும்போது உங்களுக்கு என்ன தோன்றியது என்று எழுதுங்கள்.