10 லட்சம் ராண்ட் கடனுக்கு உண்மையில் எவ்வளவு கட்டுவீர்கள்?
தென்னாப்பிரிக்காவின் டர்பனில் வீடு வாங்க 10 லட்சம் ராண்ட் கடன், 20 வருடம், 11% வட்டி, மொத்தம் எவ்வளவு போகும் என்று கேட்டிருக்கிறீர்கள். வட்டி மாறாவிட்டால் மாதத் தவணை சுமார் 10,322 ராண்ட், முழுசாகக் கட்டி முடிக்கும்போது ஏறக்குறைய 24.77 லட்சம். முதல் தவணையில் 9,167 வட்டிக்கே போய்விடும், அசலில் குறைவது வெறும் 1,155, அதனால்தான் ஐந்து வருடம் ஒழுங்காகக் கட்டிய பிறகும் 9.08 லட்சம் பாக்கி நிற்கும். கொடுமைதான்.

சரி, என்ன செய்யலாம்? முதல் மாதத்திலிருந்தே 1,000 ராண்ட் கூடுதலாகப் போடுங்கள், கடன் சுமார் 15 வருடம் 2 மாதத்தில் தீரும், 4 லட்சத்துக்கு மேல் மிச்சம். பிரைம் வட்டி (வங்கிகளின் அடிப்படைக் கடன் வட்டி) இறங்கினாலும் பழைய தவணையையே கட்டுங்கள். அப்புறம் பத்திரப் பதிவு வக்கீல் கட்டணம், வீட்டுக் காப்பீடு, மாநகராட்சி வரி எல்லாம் தனிச் செலவு.