எந்தத் தராசில் நிறுத்தார்கள்?

அன்புள்ள ஆசிரியருக்கு,

என் மகள் ஏழாம் வகுப்பு படிக்கிறாள். கடலின் மிகப்பெரிய உயிர்களைப் பற்றி அவள் ஒரு கட்டுரை எழுத வேண்டும். திமிங்கலச் சுறாவின் நீளம் ஒரு புத்தகத்தில் 12.65 மீட்டர், இன்னொன்றில் 18.8, ஒரு காணொளியில் 20. எடையோ 16 டன்னில் ஆரம்பித்து 40 டன்னைத் தாண்டிப் போகிறது. “எதை அப்பா எழுதுறது?” என்று நச்சரித்துக்கொண்டே இருந்தாள். “இருக்கிறதிலேயே பெரிய எண்ணா பார்த்து எழுதிட்டுப் போ” என்றேன். கோபித்துக்கொண்டு எழுந்து போய்விட்டாள். எது சரி? எப்போதோ அழிந்துபோன மெகலோடான் சுறா இதைவிடப் பெரியதா, திமிங்கலச் சுறா ஆளை விழுங்குமா என்றும் கேட்கிறாள். இந்த எண்களைத் தெரிந்துகொண்டு யாருக்கு என்ன ஆகப்போகிறது என்பது என் சொந்தச் சந்தேகம்.

மு.

அன்புள்ள மு.,

ஆளை விழுங்காது. வாய் ஒரு மீட்டருக்கு மேல் அகலமாகத் திறக்கும், ஆனால் உள்ளே போவது மிதவை உயிரிகள், மீன் முட்டைகள், சிறு மீன்கள்; தொண்டை அவ்வளவு குறுகல். மெகலோடானை இப்போதைக்கு விட்டுவிடுங்கள். குருத்தெலும்பு உடல் மட்கிப் போய், நம்மிடம் மிஞ்சியிருப்பவை பற்களும் கொஞ்சம் முதுகெலும்புத் துண்டுகளும்தான். அதன் நீளம் பற்றிய சண்டை இன்னும் ஓயவில்லை.

உங்கள் கடைசி வரிக்கு வருகிறேன். படித்ததும் எனக்குக் கோபம்தான் வந்தது. மூன்று இடங்களில் மூன்று எண்கள் இருப்பதைப் பார்த்து, இவை ஒன்றோடொன்று பொருந்தவில்லையே என்று ஒரு குழந்தை நிற்கிறது. பெரியவர்களே அந்த இடத்தைக் கவனிக்காமல் தாண்டிப் போய்விடுவார்கள். அவள் கவனித்தாள், உங்களிடம் வந்து கேட்டாள். நீங்கள் பெரியதை எழுது என்றீர்கள். அவள் எழுந்து போனதில் என்ன தவறு?

நீங்கள் சொன்ன அதே வழியில்தான் இந்த எண்கள் உலகம் முழுக்கப் பரவின. ஒருமுறை ஒரு கடற்கரையில் திமிங்கலச் சுறா ஒன்று செத்து ஒதுங்கிக் கிடந்ததைப் பார்த்தேன். கூட்டம் கூடிவிட்டது. பக்கவாட்டில் தலையிலிருந்து வால் நோக்கி ஓடும் மேடான வரிகள், அவற்றுக்கிடையில் வெள்ளைப் புள்ளிகள், தொட்டால் உப்புத்தாள் போலச் சொரசொரக்கும் தோல். அந்தப் பெரிய தலையில் கண்ணைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டியிருந்தது, அவ்வளவு சிறியது. இருவர் நாடாவை எடுத்து அளந்தார்கள். ஒருவர் முதுகின் வளைவோடு நாடாவை ஓட்டினார். மற்றவர் பக்கத்து மணலில் நேர்கோடாகப் பிடித்தார். இரண்டும் ஒத்துவரவில்லை. வாலின் மேல்மடலை இழுத்து நீட்டிவைத்து அளப்பதா, கிடந்தபடியே அளப்பதா என்று அடுத்த வாக்குவாதம். இதற்கு நடுவே கூட்டத்தில் யாரோ, “எப்படியும் 20 டன் இருக்கும்” என்றார். அவரிடம் தராசும் இல்லை, நாடாவும் இல்லை. மறுநாள் ஒரு செய்தித்தாளில் ‘20 டன் எடையுள்ள ராட்சத சுறா’ என்று வந்தது. ‘இருக்கும்’ என்ற சொல் ஒரே ராத்திரியில் காணாமல் போய்விட்டது. அந்தச் சுறாவை எவரும் எடைபோடவில்லை, மணலிலேயே குழி தோண்டிப் புதைத்தார்கள்.

அன்றிலிருந்து எந்தப் பெரிய விலங்கின் எடையைப் படித்தாலும் ஒரே கேள்விதான் எனக்குள் எழுகிறது: எந்தத் தராசில் நிறுத்தார்கள்? உங்கள் மகளுக்கு நான் சொல்ல விரும்புவதும் அதுதான். நீளத்தை ஓரளவு அளந்துவிடலாம். எடை அநேகமாக எப்போதுமே நீளத்திலிருந்து போட்ட கணக்கு. அந்தக் கணக்கில் ஒரு பொறி இருக்கிறது. உடல் ஒரே வடிவத்தில் பெரிதாகும்போது எடை நீளத்தின் கனமடங்கில் ஏறும். நீளம் இரட்டித்தால் எடை எட்டு மடங்கு. 10 மீட்டர் சுறாவை 11 மீட்டர் என்று எழுதினால், நீளத்தில் பத்தில் ஒரு பங்குதான் பிழை, எடையிலோ மூன்றில் ஒரு பங்கு. 8 மீட்டரை 10 என்று எழுதினால் எடை கிட்டத்தட்ட இரட்டிப்பாகிவிடும். நீருக்கடியில் முகமூடிக் கண்ணாடி வழியே பார்ப்பவருக்கு எல்லாமே மூன்றில் ஒரு பங்கு பெரிதாகத் தெரியும். கூடவே பரவசமும் சேர்ந்துகொள்கிறது. மேலே வந்து அவர் சொல்லும் நீளத்தைக் கனமடங்காக்கி ஒருவர் எடை சொல்கிறார், அதை இன்னொருவர் முழு எண்ணாக்குகிறார், மூன்றாமவர் காணொளி போடுகிறார். உங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்த எண் இப்படி ஒன்றாகத்தான் இருக்கும்.

உங்கள் கடிதத்தில் இருக்கும் எண்களையே எடுத்துக்கொள்வோம். 12.65 மீட்டர் என்பது 1940களின் கடைசியில் கராச்சி அருகே பாபா தீவில் பிடிபட்டது. நீளம் அளந்தது, எடை மதிப்பிட்டது. 20 மீட்டர் தைவானில் பிடிபட்டதாகச் சொல்லப்படும் சுறா. 18.8 மீட்டர் அரபிக்கடலில் பிடிபட்டது. 2015இல் கடல் உயிரியலாளர் கிரெய்க் மெக்லெய்னும் அவரோடு சேர்ந்தவர்களும், அவர்களில் மாணவர்கள் பலர், 25 கடல் உயிரினங்களை எடுத்துக்கொண்டு, அவற்றின் அளவாகச் சொல்லப்பட்ட ஒவ்வொன்றும் எங்கிருந்து வந்தது என்று தேடிப் போனார்கள். திமிங்கலச் சுறாவுக்கு அவர்கள் ஏற்ற உச்ச நீளம் அந்த 18.8தான். ராட்சதக் கணவாய் 18 மீட்டர் வரை வளரும் என்று தலைமுறை தலைமுறையாக எழுதிவந்தார்கள். செத்த கணவாயின் நீண்ட உணர்கரங்கள் இழுத்த இழுப்புக்கு நீளும். நம்பத்தக்க அளவீடு 12 மீட்டரில் நின்றது. உங்கள் மகள் செய்ததும் இதே வேலைதான்.

பெரியது சொன்னால்தான் மதிப்பு என்ற இந்த ஆசை ஆய்வாளர்களையும் விடுவதில்லை. பெரு நாட்டில் கிடைத்த பெருசீட்டஸ் என்ற பழந்திமிங்கலத்தின் எலும்புகளை வைத்து, எடை 85 டன்னிலிருந்து 340 டன் வரை இருக்கலாம் என்று 2023இல் ஒரு கட்டுரை வந்தது. ‘மிகக் கனமான விலங்கு’ என்ற பட்டத்தை நீலத் திமிங்கலம் இழந்துவிட்டது என்று ஊரெல்லாம் தலைப்புச் செய்தி. அடுத்த வருடமே வேறு இருவர் கணக்கைத் திருத்தினார்கள்: 60 முதல் 70 டன், அதிகபட்சம் 114. திருத்தம் எத்தனை பேர் காதில் விழுந்தது? நீலத் திமிங்கலத்தின் இதயம் கார் அளவு இருக்கும் என்று இன்றும் எழுதுகிறார்கள். 2014இல் நியூஃபவுண்ட்லாந்து கரையில் ஒதுங்கிய ஒன்றின் இதயத்தை டொராண்டோவின் ராயல் ஒன்டாரியோ அருங்காட்சியகம் எடுத்துப் பதப்படுத்தியது. எடை 200 கிலோவுக்குள்தான். என்னைக் கேட்டால் அதுவே எவ்வளவு பெரிய அதிசயம்! ஆழத்தில் முங்கும்போது நீலத் திமிங்கலத்தின் இதயத் துடிப்பு நிமிடத்துக்கு இரண்டு வரை இறங்கிவிடும் என்று 2019இல் அளந்து சொன்னார்கள். கார் எதற்கு இதற்கு மேல்?

நிஜமாகவே தராசில் ஏறிய ராட்சதர்களும் உண்டு. எப்படி ஏறினார்கள் என்பதையும் கேளுங்கள். நீலத் திமிங்கலத்துக்கு 190 டன் என்று படித்திருப்பீர்கள். 1947இல் ஸ்லாவா என்ற சோவியத் வேட்டைக் கப்பல்கூட்டம் கொன்ற 27.6 மீட்டர் பெண் திமிங்கலம் அது. முழுசாக அதைத் தூக்கி நிறுக்க எந்தத் தராசும் கிடையாது. கொழுப்பு தனி, இறைச்சி தனி, எலும்பு தனி என்று துண்டுபோட்டு நிறுத்துக் கூட்டிய கணக்கு. அதே சோவியத் கப்பல்கள் பின்னாளில் எத்தனை கொன்றோம் என்பதையே பல்லாண்டுகள் பொய்யாகக் கணக்கு காட்டின, 1990களில் அது வெளியே வந்தது. இருபதாம் நூற்றாண்டில் தென் அரைக்கோளக் கடல்களில் மட்டும் மூன்று லட்சத்துக்கும் மேற்பட்ட நீலத் திமிங்கலங்களைக் கொன்றார்கள். வேட்டை ஒதுக்கீட்டுக்கு ‘நீலத் திமிங்கல அலகு’ என்றே ஓர் அளவை இருந்தது: ஒரு நீலத் திமிங்கலம் இரண்டு துடுப்புத் திமிங்கலத்துக்குச் சமம், ‘செய்’ (sei) என்ற இனத்தில் ஆறு திமிங்கலத்துக்குச் சமம். கொழுப்பிலிருந்து எவ்வளவு எண்ணெய் கிடைக்கும் என்ற கணக்கு அது. யாருக்கு என்ன பயன் என்று கேட்டீர்களே மு., ஒரு காலத்தில் அந்த எண்கள் அவர்களுக்கு நன்றாகவே பயன்பட்டன.

திமிங்கலச் சுறாவுக்கும் இதே கதைதான். 1995இல் தைவானில் மீனவர்கள் பிடித்த ஒரு பெண் சுறா 10.6 மீட்டர், பதிவான எடை 16 டன். அதன் வயிற்றில் சுமார் 300 குட்டிகள் இருந்தன, பெரியது 64 சென்டிமீட்டர். இந்த இனம் வயிற்றிலேயே முட்டை பொரித்துக் குட்டி ஈனும் என்று உலகத்துக்கு உறுதியானதே அந்த ஒரு தாயை வெட்டித் திறந்ததால்தான். ‘16 டன்’ என்று உங்கள் மகள் எழுதினால், இவள் கதையையும் ஒரு வரி சேர்த்து எழுதச் சொல்லுங்கள்.

இப்போதெல்லாம் கொல்லாமலே அளக்கிறார்கள். 50 சென்டிமீட்டர் இடைவெளியில் இரண்டு லேசர் புள்ளிகளைச் சுறாவின் பக்கவாட்டில் விழவைத்துப் படமெடுத்தால் போதும், படத்திலேயே அளவுகோல் கிடைத்துவிடும். வெள்ளைப் புள்ளிகளின் அமைப்பு ஒவ்வொரு சுறாவுக்கும் வேறு. வானத்தில் நட்சத்திரக் கூட்டங்களை ஒப்பிட எழுதிய கணக்குமுறையை எடுத்து அந்தப் புள்ளிகளை அடையாளம் காண்கிறார்கள். இப்படி ஆண்டுக்கணக்கில் அதே சுறாக்களைத் திரும்பத் திரும்ப அளந்து பார்த்ததில், ஆண்கள் 8, 9 மீட்டரில் நின்றுவிடுகின்றன என்றும், பெண்கள் நின்று நிதானமாகச் சராசரியாக 14 மீட்டர் வரை போகின்றன என்றும் தெரிந்தது. சுற்றுலாப் படகுகளிலிருந்து மக்கள் பார்க்கும் கூட்டங்களில் பெரும்பாலும் வளரும் வயது ஆண்கள்தான். பெரிய பெண்கள் கரைப்பக்கம் வருவது அபூர்வம். பதினான்கு மீட்டர் வளர ஒரு பெண் சுறாவுக்குப் பல பத்தாண்டுகள் வேண்டும். அதற்குள் வலையும் கப்பல்களும் குறுக்கே வந்துவிடுகின்றன. கண்காணிப்புக் கருவி பொருத்திய சுறாக்கள் சிலவற்றின் கடைசிச் சமிக்ஞை நெரிசலான கப்பல் தடத்தில் வந்து, பிறகு மெல்ல மெல்ல ஆழத்துக்கு இறங்கிப் போனதை 2022இல் ஓர் ஆய்வு பதிவு செய்தது. மோதிய கப்பலில் இருப்பவர்களுக்கு எதுவும் தெரிந்திருக்காது. இந்தோ-பசிபிக்கில் இவற்றின் எண்ணிக்கை 75 ஆண்டுகளில் 63 சதவீதம் குறைந்துவிட்டதாகக் கணக்கிட்டு, 2016இல் இதை அழியும் அபாயத்தில் உள்ள இனமாக அறிவித்தார்கள். அந்த 20 மீட்டர் சுறா பொய்யா நிஜமா என்பதைவிட, இன்றைக்குப் பிறக்கும் ஒரு குட்டி 14 மீட்டர் வரை பிழைத்திருக்குமா என்பதே என் கவலை.

சரி, கட்டுரைக்கு வருவோம். முதலில் மகளிடம் போய், நீ கேட்டது சரியான கேள்வி என்று சொல்லுங்கள். அட்டவணையில் நீளம், எடை இரண்டுக்கும் பக்கத்தில் ‘எப்படித் தெரிந்தது’ என்று மூன்றாவதாக ஒரு பத்தி போடச் சொல்லுங்கள். அளந்தது, மதிப்பிட்டது, கேள்விப்பட்டது என்று மூன்று வகை போதும். 18.8 மீட்டரை எழுதட்டும். அதன் எடைக் கட்டத்தில் ‘நிறுக்கவில்லை’ என்று எழுதட்டும். எழுதி முடித்ததும் எனக்கு ஒரு பிரதி அனுப்புங்கள்.