உயிரோடு இருப்பவரைச் சுற்றும்போது

அன்புள்ள ஐயா,

எகிப்திய மம்மிகளைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு மேலும் தேடினேன். அதே பெயரில் ஒரு பாலியல் பழக்கம் இருப்பது தெரியவந்தது. ஒருவரைக் கழுத்திலிருந்து கால்வரை பிளாஸ்டிக் தாளாலும் டேப்பாலும் அசைய முடியாதபடி சுற்றிவிடுகிறார்களாம். இறந்தவர்களுக்கான சடங்கை இப்படிக் கேவலப்படுத்தலாமா? இது மனநோய் இல்லையா?

க.

அன்புள்ள க.,

அந்தச் சடங்கை அவமதித்தவர்கள் யார் என்று கேட்டால் நான் வேறு ஆட்களைக் காட்டுவேன். ஐரோப்பாவில் பல நூற்றாண்டுகள் மம்மிகளைப் பொடித்து மருந்தாக விற்றார்கள். ஓவியர்களுக்கான பழுப்பு நிறச் சாயமும் அதில் செய்தார்கள். 1830களில் லண்டனில் தாமஸ் பெட்டிகுரூ என்ற அறுவை மருத்துவர், டிக்கெட் வாங்கி வந்த கூட்டத்தின் முன்னால் மம்மிகளின் துணியை அவிழ்த்துக் காட்டினார். தன் உடலைத் துணியில் சுற்றி வைக்க வேண்டும் என்று வாழும்போதே விரும்பி, அதற்காகக் கல்லறையும் கட்டிக்கொண்ட மனிதர்களுக்கு நடந்தது இது. அவர்களால் வேண்டாம் என்று சொல்ல முடியவில்லை. எனக்கு இன்றும் கோபம் வருவது அங்கேதான்.

எகிப்தியர்கள் அந்த உடலை எவ்வளவு கவனமாகக் கையாண்டார்கள் என்று பாருங்கள். மொத்த வேலைக்கும் 70 நாட்கள். மூளையை மூக்கு வழியாக எடுத்துவிடுவார்கள். கல்லீரல், நுரையீரல், இரைப்பை, குடல் நான்கையும் தனித்தனியாகப் பதப்படுத்துவார்கள். இதயத்தை மட்டும் உள்ளேயே விட்டுவிடுவார்கள், மறுமையில் தராசில் வைத்து எடைபோடப்படுவது அதுதான் என்பதால். நேட்ரான் உப்பில் கிடந்து ஈரமெல்லாம் வற்றிய பிறகு லினன் துணியை அடுக்கடுக்காகச் சுற்றி, இடையிடையே தாயத்துகளை வைத்து, பிசின் பூசுவார்கள். அந்தத் துணி பல சமயம் வீட்டில் புழங்கிய பழைய துணியைக் கிழித்ததுதான். எகிப்தின் சக்காராவில் கிடைத்த பாடம் செய்யும் கூடத்தின் பானைகளை ஆராய்ந்து 2023இல் வெளியான ஆய்வில், ஆசியாவின் வெப்பமண்டலக் காடுகளிலிருந்து வந்த டாமர் பிசின்கூட இருந்தது தெரிந்தது. ஓர் உடலுக்காக அவ்வளவு தூரத்திலிருந்து பொருள் வரவழைத்திருக்கிறார்கள்!

எல்லாம் முடிந்ததும் வாய் திறக்கும் சடங்கு. ஒரு சிறு கருவியால் வாயைத் தொட்டு, இனி இவர் மூச்சுவிடலாம், பேசலாம், உண்ணலாம் என்று மந்திரம் சொல்வார்கள்.

இது அரசர்களின் ஆடம்பரம் மட்டும் என்றும் நினைத்துவிடாதீர்கள். வட சிலியின் கடற்கரையில் வாழ்ந்த சின்சோரோ மீனவர்கள் சுமார் 7000 ஆண்டுகளுக்கு முன்பே உடல்களைப் பாடம் செய்தார்கள். அவர்களிடம் அரசர்களே கிடையாது. கைக்குழந்தைகளைக்கூட அப்படி வைத்திருந்தார்கள். 2021இல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். இன்றைய பழக்கம் அந்தச் சடங்கிலிருந்து எடுத்துக்கொண்டது பெயரையும் தோற்றத்தையும்தான். வயதுவந்த ஒருவர் தானே கேட்டுச் சுற்றிக்கொள்கிறார். உடல் முழுக்க ஒரே சீராக அழுத்தம் இருப்பதும், எதையும் செய்ய முடியாமல் இன்னொருவரை முழுக்க நம்பிக் கிடப்பதும் மனதை அமைதிப்படுத்துவதாக இதில் ஈடுபடுகிறவர்கள் சொல்கிறார்கள். இதில் எந்த இறந்தவருக்கும் அவமதிப்பு இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. நோயா என்றால், இல்லை. 2022இல் நடைமுறைக்கு வந்த உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலான ஐசிடி-11, சம்மதத்தோடு நடக்கும் இத்தகைய விருப்பங்களை நோய்க் கணக்கிலிருந்து எடுத்துவிட்டது. உங்களுக்கு அருவருப்பாக இருந்தால் அது உங்கள் உரிமை, விலகி நில்லுங்கள்.

என் கவலை வேறு. இறந்த உடலுக்கு வியர்க்காது. உயிருள்ள உடலை பிளாஸ்டிக்கில் மூடினால் வியர்வை ஆவியாக வழியின்றி வெப்பம் உள்ளேயே ஏறிக்கொண்டு போகும். மார்பை இறுக்கிச் சுற்றினால் மூச்சு முழுதாக இறங்காது. கால்களைச் சேர்த்துக் கட்டி நிற்க வைத்தால் மயங்கி விழலாம், ஊன்றிக்கொள்ளக் கையும் இருக்காது. அதனால் விவரம் தெரிந்தவர்கள் மூக்கையும் வாயையும் மூடுவதே இல்லை. படுக்க வைத்துத்தான் கட்டுவார்கள், குடித்திருந்தால் தொடவே மாட்டார்கள். நிறுத்தச் சொல்ல ஒரு சொல்லை முன்பே பேசி வைத்திருப்பார்கள். பேச முடியாமல் போனால் என்ன செய்வது என்று கையில் ஒரு சாவிக்கொத்தையும் கொடுப்பார்கள். அது கீழே விழுந்தால் சுற்றியதை உடனே வெட்டிவிட வேண்டும், முதலுதவிப் பெட்டியில் இருக்குமே, அந்த முனை மழுங்கிய கத்தரிக்கோலால். கட்டியவர் ஒரு நிமிடம்கூட அறையை விட்டு வெளியே போகக் கூடாது. தனியாக யாரும் தன்னைத் தானே சுற்றிக்கொள்ளவே கூடாது. உங்களுக்குத் தெரிந்த யாராவது இதில் இருந்தால், இதையாவது அவர்களிடம் சொல்லுங்கள்.